ஈரியும் லக்கவானாவும்

அமெரிக்க ஐக்கிய நாடுகளிலே 1960ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 17ஆந் திகதி இரண்டு பழைய புகையிரதக் கம்பனிகள் ஒன்றாயின. ஒன்றின் பெயர் ஈரி. மற்றதன் பெயர் லக்கவானா. நியூ யோர்க் மாநகரத்தின் எதிர்க்கரைக்கும் பேரேரிக் கரையிலுள்ள பஃபலோ நகரத்துக்கும் இடையே நெடுங்காலமாக இவை பக்கம் பக்கமாக ஓடியவை. ஒன்றன் சரக்கை மற்றொன்று பறித்தே வாழ்ந்தவை. இணைந்த கம்பனிக்கு ஈரி லக்கவானா என்று பெயரிட்டார்கள். ஏறத்தாழ 3,000 மைல் நீளமான பாதை அதற்கு உரியதாயிற்று. ஆயின் பதினாறு ஆண்டுகள் நிறையுமுன்னரே அந்தப் புதிய கம்பனியும் இல்லாது போயிற்று. மெலிந்தவர் இருவர் தோளோடு தோள் சேர்ந்தால் வலியவர் ஒருவர் ஆவரோ என்னும் வினா அக்காலத்தில் அந்த நாட்டின் புகையிரதக் கம்பனிகள் யாவற்றையும் எதிர்நோக்கி நின்றது. அந்த வினாவுக்கு விடை காண முற்பட்டவர்களுள் முன்னணியில் நின்றவர்கள் இந்த இரு கம்பனியாருமே.

ஈரியின் பிறப்பு ஒரு மனக்குறையிலே தொடங்கியது. 1825ஆம் ஆண்டு ஈரிக் கால்வாய் திறக்கப்பட்டபோது நியூ யோர்க் மாநிலத்தின் வடபாகம் செழித்தது. ஊர்கள் நகரங்களாயின, கோதுமையும் மரமும் மலிவான கூலியில் கடற்கரையை அடைந்தன. தென்பாகமோ மலைநாடு. கால்வாயால் அங்குள்ளோருக்கு ஒரு பயனுமில்லை. தங்களுக்கும் ஒரு வழி வேண்டுமென்று அவர்கள் எழுப்பிய குரலின் பயனாக 1832ஆம் ஆண்டு ஏப்ரல் 24ஆந் திகதி மாநிலச் சட்டசபை நியூ யோர்க் அன்ட் ஈரி புகையிரதக் கம்பனிக்குப் பட்டயம் வழங்கியது. அந்தப் பட்டயத்திலே ஒரு முடிச்சு இருந்தது. நியூ யோர்க் மாநிலத்தின் வர்த்தகம் அயல் மாநிலங்களுக்குச் சிந்திவிடக்கூடாது என்பதற்காக, பாதை அந்த மாநிலத்தின் எல்லைக்குள்ளேயே அமையவேண்டுமெனச் சட்டசபையார் விதித்தனர். ஆதலால் பாதை நியூ யோர்க் நகரத்திலே தொடங்கவில்லை. நகரத்துக்கு வடக்கே ஹட்சன் ஆற்றின் மேற்குக் கரையிலுள்ள பியர்மொன்ட் என்னுஞ் சிற்றூரிலே தொடங்கியது. மேற்கிலும் அது பஃபலோவை அடையவில்லை. டன்கேர்க் என்னும் சிறிய ஏரித்துறையிலே முடிந்தது. பெருநகரிலே தொடங்காது பெருநகரிலே முடியாத ஒரு பெரும்பாதையை இவ்வாறு சட்டத்தின் மூலம் படைத்தார்கள்.

இஃது ஒருபுறம் நிற்க, தண்டவாளங்களுக்கு இடையேயுள்ள அகலத்திலும் ஈரிக் கம்பனியார் தனிவழியே சென்றனர். மற்றைய கம்பனிகளுட் பல நாலடி எட்டரை அங்குல அகலத்தைக் கைக்கொண்டிருக்க, இவர்கள் ஆறடி அகலத்தைத் தெரிந்தெடுத்தார்கள். அகலமான பாதையிலே கனமான எஞ்சின்கள் உறுதியாக ஓடும் என்பது ஒரு காரணம். தங்கள் சரக்கு மற்றவர் பாதைக்குத் தப்பியோட முடியாது என்பது இன்னொரு காரணம். மற்றவர் சரக்கும் தங்களிடம் வரமுடியாது என்பதை அவர்கள் அப்பொழுது போதிய அளவு சிந்தித்ததாகத் தெரியவில்லை.

1835ஆம் ஆண்டு நவம்பரிலே டிலவெயர் ஆற்றங்கரையில் முதன்முதல் மண் வெட்டப்பட்டது. அடுத்த மாதமே நியூ யோர்க் நகரத்திற் பெருந்தீ மூண்டு, பங்கு வாங்குவதாக வாக்களித்திருந்த வணிகர் பலரின் செல்வத்தை எரித்துவிட்டது. இரண்டு ஆண்டுகள் கழிய நாடு முழுவதையும் பணமுடை பற்றிக்கொண்டது. மாநில அரசாங்கம் முப்பது இலட்சம் டொலர் கடன் கொடுத்தது. பின்னர் அந்தக் கடனை மன்னித்தும் விட்டது. பணம் இருந்த வேளையிலும் அதனை வீணாக்கத் தவறினாரில்லை. மண்மேட்டுக்குப் பதிலாக மரத்தூண்களை நிரைநிரையாக நட்டு, அவற்றின்மேல் தண்டவாளம் போடலாமென்று எண்ணி, நூறு மைலுக்கு மேலாகத் தூண்களை நட்டார்கள். அத்தூண்களின்மேல் ஒரு வண்டியேனும் ஓடவில்லை.

1841ஆம் ஆண்டு பியர்மொன்டிலிருந்து கோசன் வரையுள்ள முதற் பகுதி திறக்கப்பட்டது. சிறு பகுதிதான், எனினும் அதனால் விளைந்த நன்மை யாரும் எதிர்பாராதது. கோசனைச் சூழ்ந்த ஒரெஞ்சு மாவட்டம் புல்வளம் மிக்கது, பசுக்கள் நிறைந்தது. அங்கே வெண்ணெய் மட்டுமே கடைந்து விற்பது வழக்கம். ஏனெனில் பால் நகரத்தைச் சேருமுன் கெட்டுவிடும். நகரவாசிகளோ சாராய வடிசாலைக் கழிவைத் தின்று வளர்ந்த பசுக்களின் நீர்த்த பாலையே குடித்து வந்தனர். புகையிரதம் வந்த சில காலத்துள் நாட்டுப்புறப் பால் நகரத்துக்குச் செல்லத் தொடங்கியது. குழந்தைகளின் பாற்கிண்ணத்தின் வழியாகவே நியூ யோர்க் மக்கள் ஈரியை முதலில் அறிந்தனர் எனலாம்.

இனி லக்கவானாவின் கதை தொடங்கும் இடத்துக்கு வருவோமாயின், அதுவும் ஈரியின் கதைக்குள்ளேயே இருக்கிறது. 1840களிலே தண்டவாளங்கள் பெரும்பாலும் இங்கிலாந்திலிருந்தே வந்தன. விலை அதிகம், காலதாமதமும் அதிகம். 1848ஆம் ஆண்டு முடிவதற்குள் பிங்ஹாம்டன் நகரம் வரை பாதை செல்லாவிட்டால், அரசாங்கம் மன்னித்த கடன் மீண்டும் தலைமேல் வரும் என்ற நிலைமை ஈரிக்கு ஏற்பட்டது. அவ்வேளையிலே பென்சில்வேனியாவின் லக்கவானாப் பள்ளத்தாக்கில் ஸ்கிரான்டன் குடும்பத்தினர் ஒரு சிறிய இரும்பாலை நடத்தி, நட்டத்திலே தத்தளித்துக்கொண்டிருந்தார்கள். ஈரியின் இயக்குநர் சிலர் அவர்களுக்கு முன்பணம் கொடுத்து, 12,000 தொன் தண்டவாளம் வார்த்துத் தரும்படி ஒப்பந்தஞ் செய்தார்கள். முன்பு தண்டவாளமே செய்தறியாதவர்கள் அதைச் செய்து முடித்தார்கள். இரும்பாலைக்கும் பாதைக்கும் இடையே வேறு புகையிரத வழி இல்லை. குதிரைகளும் கோவேறு கழுதைகளும் பூட்டிய வண்டிகளிலே காடும் மலையும் கடந்து அந்தக் கனத்த இரும்பு சென்றது. 1848 டிசம்பர் இறுதியிலே, குறித்த தவணை முடியச் சில நாட்களே இருக்கையில், முதல் வண்டி பிங்ஹாம்டனைச் சேர்ந்தது. அந்த ஒப்பந்தத்தாற் பிழைத்த இரும்பாலையைச் சுற்றியே ஸ்கிரான்டன் என்னும் நகரம் எழுந்தது. அந்தக் குடும்பத்தாரே பின்னர் லக்கவானாப் புகையிரதத்தையும் தோற்றுவித்தனர். பிற்காலத்திலே தன்னோடு அரை நூற்றாண்டுக்கு மேல் போட்டியிட்டுப் பின் தன்னோடு கலந்த கம்பனியை, ஈரி தன் தேவைக்காகத் தானே வளர்த்துவிட்டது.

அதே ஆண்டிலே ஸ்டாறக்கா ஓடையின் பள்ளத்தாக்குக்கு மேலாக ஒரு கற்பாலம் கட்டி முடிக்கப்பட்டது. மலைகளின் நிமித்தம் பாதை ஓரிடத்திற் பென்சில்வேனியா மண்ணுக்குள் நுழையவேண்டியிருந்தது. அதற்குத் தனி அனுமதி பெற்றுக் கட்டினார்கள். பதினேழு வளைவுகள், நீளம் 1,040 அடி, உயரம் 100 அடி. நீலக்கல்லை அடுக்கி, ஆறடிப் பாதையொன்றுக்காக அன்று கட்டிய அந்தப் பாலம் பின்னர் இரட்டைப் பாதையையும், அன்றைய எஞ்சின்களைப்போலப் பல மடங்கு பாரமான எஞ்சின்களையும் சுமந்தது. ஈரிக் கம்பனியார் செய்த காரியங்களுள் குறை சொல்ல முடியாதது இது.

1851ஆம் ஆண்டு மே மாதம் முழுப்பாதையும் திறக்கப்பட்டது. ஏறத்தாழ 450 மைல். செலவு இரண்டு கோடி டொலருக்கு மேல். சனாதிபதி மில்லர்ட் பில்மோர் மந்திரிமாருடன் முதல் வண்டியிற் பிரயாணஞ் செய்தார். இராசாங்க மந்திரியும் புகழ்பெற்ற நாவலருமான டானியல் வெப்ஸ்டர், மூடிய பெட்டிக்குள்ளிருந்தால் இயற்கைக் காட்சிகளைக் காணமுடியாதென்று கூறி, கூரையில்லாத தட்டை வண்டியொன்றிலே சாய்வு நாற்காலியைக் கட்டுவித்து, கம்பளியாற் போர்த்துக்கொண்டு அமர்ந்து சென்றாராம். அருகிலே ரம் என்னும் மதுச்சாடியும் இருந்தது என்று கூறுவர். அப்பொழுது அவருக்கு வயது அறுபத்தொன்பது.

அவ்வாண்டிலேயே நிகழ்ந்த மற்றொரு சம்பவம் ஆரவாரம் இன்றி நடந்தது. ஆயின் அதன் பயன் உலகமெங்கும் பரந்தது. ஒற்றைத் தண்டவாளப் பாதையிலே எதிரெதிரே வரும் வண்டிகள் ஒன்றையொன்று குறித்த நிலையத்திற் சந்திக்கவேண்டும். ஒன்று பிந்தினால் மற்றது காத்துக் கிடக்கவேண்டியதே. ஒரு நாள் கம்பனியின் அதிபர் சார்ள்ஸ் மினொட் சென்ற வண்டி டேர்னர் நிலையத்திலே அவ்வாறு தடைப்பட்டது. அவர் அடுத்த பெரிய நிலையமாகிய கோசனுக்குத் தந்தியடித்து, எதிர்வண்டி அங்கு வரவில்லை என்று அறிந்து, அதனை அங்கேயே நிறுத்தி வைக்கும்படி பணித்துவிட்டு, தம் வண்டியைச் செலுத்துமாறு சாரதிக்குக் கட்டளையிட்டார். கம்பியில் வந்த சொல்லை நம்பி உயிரைப் பணயம் வைக்கச் சாரதி உடன்படவில்லை. மினொட் தாமே எஞ்சினை ஓட்டினார். சாரதியோ கடைசிப் பெட்டியின் கடைசி ஆசனத்திற் போய் அமர்ந்துகொண்டாராம். மோதல் நேர்ந்தால் அதுவே பாதுகாப்பான இடம்! மோதல் நேரவில்லை. தந்தி மூலம் வண்டிகளை நடத்தும் முறை அன்று தொடங்கிற்று. சில ஆண்டுகளின் பின் டானியல் மக்கலம் என்னும் அதிபர், இத்தனை நீளமான பாதையில் யார் யாருக்குப் பொறுப்பு என்பதை ஒரு மரத்தின் கிளைகள்போல வரைந்து 1855ஆம் ஆண்டு வெளியிட்டார். நிர்வாகப் படம் என இன்று ஒவ்வொரு காரியாலயச் சுவரிலும் தொங்குவதற்கு அதுவே முன்னோடி.

இவ்வளவு அறிவாளிகள் பணிபுரிந்த கம்பனி எவ்வாறு சீரழிந்தது என்று நேயர்கள் வினவலாம். வண்டி ஓட்டியவர்களால் அன்று. பங்கு வாங்கி விற்றவர்களால். 1859இல் ஈரி முதன்முறை வங்குரோத்தடைந்தது. அதன்பின் டானியல் ட்ரூ என்னும் வியாபாரி கம்பனிக்குக் கடன் கொடுப்பவராகவும், அதன் இயக்குநராகவும், அதன் பங்குகளின் விலையை ஏற்றி இறக்கிப் பணம் பண்ணுபவராகவும் ஒரே வேளையில் விளங்கினார். 1868ஆம் ஆண்டு நியூ யோர்க் சென்ரல் பாதையின் அதிபதியாகிய கொர்னீலியஸ் வண்டர்பில்ட், ஈரியையும் தம் கைக்குட் கொண்டுவர எண்ணிப் பங்குகளை வாங்கத் தொடங்கினார். ட்ரூவும், அவரோடு சேர்ந்த ஜே கூல்ட், ஜேம்ஸ் பிஸ்க் என்னும் இளைஞர் இருவரும் ஓர் உபாயஞ் செய்தார்கள். கடன்முறிகளை வெளியிட்டு, அவற்றைப் பங்குகளாக மாற்றி, ஒரு இலட்சம் புதிய பங்குகளைச் சந்தையிலே கொட்டினார்கள். வண்டர்பில்ட் வாங்க வாங்க, அச்சு இயந்திரம் அடித்துக்கொண்டே இருந்தது. அவர் இழந்த தொகை பல இலட்சம் டொலர். நீதிபதி ஒருவர் அவர்களைக் கைது செய்யக் கட்டளையிட்டபோது, மூவரும் கணக்குப் புத்தகங்களையும் கட்டுக்கட்டான பணத்தையும் எடுத்துக்கொண்டு ஹட்சன் ஆற்றைக் கடந்து, நியூ ஜேர்சி மாநிலத்திலே ஒரு விடுதியிற் புகுந்து, காவலரை வாயிலில் நிறுத்திக்கொண்டார்கள். பின்னர் மாநிலத் தலைநகராகிய அல்பனியிலே சட்டசபை உறுப்பினரை இரு கட்சியாரும் விலைக்கு வாங்க முற்பட்டதும், பங்குகளைச் செல்லுபடியாக்கும் சட்டம் நிறைவேறியதும், இறுதியிலே கள்வரும் பறிகொடுத்தவரும் சமாதானமாகிக் கம்பனியின் பணத்திலிருந்தே நட்டத்தை ஈடுசெய்துகொண்டதும் நாடறிந்த செய்திகள். கூல்ட் கம்பனித் தலைவரானார், 1872இலே துரத்தப்பட்டார்.

இந்தச் சண்டையிலே ஒரு தண்டவாளமேனும் புதிதாகப் போடப்படவில்லை. வெளியிட்ட கடன்முறிகளுக்கு வட்டி மட்டும் பல தலைமுறைகளாகக் கட்டவேண்டியிருந்தது. ஓர் ஆண்டு நல்ல விளைச்சல் வந்தாலும் அதன் பயன் கடன்காரருக்கே சென்றது. 1875இலும் 1893இலும் 1938இலும் மீண்டும் மீண்டும் வங்குரோத்து. சாதாரணப் பங்குதாரர் ஏறத்தாழ எழுபது ஆண்டுகளாக இலாபப் பங்கென்று ஒரு சதமும் காணவில்லை, 1942இலேதான் கண்டார்கள். இவ்வளவுக்கும் இடையில் ஊழியர் தம் கடமையைச் செய்தே வந்தனர். 1880ஆம் ஆண்டு ஜூன் 22ஆந் திகதி ஆறடிப் பாதையைக் குறுக்கி மற்றையோர் அகலத்துக்குக் கொண்டுவந்தார்கள். 1883இலே சிக்காகோ வரை வழி கிடைத்தது. ஆயினும் நியூ யோர்க்கிலிருந்து சிக்காகோவுக்குச் செல்லும் ஈரிப் பாதை பெருநகரங்களை விலக்கி, வளைந்து வளைந்து 998 மைல் செல்வது. அவசரமாகச் செல்வோர் அதில் ஏறார். ஒரேயொரு பெரும் வசதி மட்டும் பழைய தவறொன்றினாற் கிடைத்தது: ஆறடிப் பாதைக்காக அகலமாய் வெட்டிய வழியாதலால், வேறெந்தப் பாதையிலும் நுழையாத பேரியந்திரங்கள் ஈரி வழியே சென்றன.

லக்கவானாவின் இயல்பு வேறு. அது நிலக்கரியிற் பிறந்து நிலக்கரியில் வளர்ந்தது. ஸ்கிரான்டனைச் சூழ்ந்த நிலத்தின் கீழே கிடந்தது, புகையின்றி எரியும் வன்கரி. கிழக்குக் கரை நகரங்களின் வீடுகளெல்லாம் மாரிகாலத்தில் அதனாற் சூடேறின. சுரங்கமும் பாதையும் நெடுங்காலம் ஒரே கைக்குள் இருந்தமையால் பணம் குவிந்தது. 1899 முதல் 1925 வரை தலைவராயிருந்த வில்லியம் ட்ரூஸ்டேல் அந்தப் பணத்தைக் கொண்டு பாதையை நேராக்கினார். மலையைச் சுற்றிச் சென்ற பழைய வழியை விடுத்து, 1908 முதல் 1911 வரை நியூ ஜேர்சியிலே 28 மைலுக்கு மேற்பட்ட புதுவழி சமைத்தார். பள்ளத்தைக் கண்டால் நிரப்பினார்; மேட்டைக் கண்டால் வெட்டினார்; பதினொரு மைல் தூரம் குறைந்தது. நிக்கல்சன் என்னும் ஊரிலே 1915இல் முடிந்த கொங்கிறீற்றுப் பாலம் 2,375 அடி நீளமும் ஓடையிலிருந்து 240 அடி உயரமும் உடையது. அவ்வூரின் வீடுகளும் கோயிற் கோபுரங்களும் அதன் காலடியிலே பொம்மைகள்போலக் காட்சி தருகின்றன.

வன்கரிப் புகையின்மையையே லக்கவானா விளம்பரமாக்கிற்று. பீபி சுனோ என்னும் கற்பனைப் பெண் வெள்ளாடை அணிந்து பிரயாணஞ் செய்வதாகவும், அந்த ஆடை வெள்ளையாகவே ஊர் சேர்வதாகவும் சிறு சிறு பாடல்கள் எழுதி ஒட்டினார்கள். மற்றைய பாதைகளிலே பிரயாணிகள் கரிபடிந்த முகத்தோடு இறங்கிய காலம் அது. 1930ஆம் ஆண்டு செப்டெம்பரிலே ஹோபோக்கனிலிருந்து புறநகர்களுக்கு மின்சார வண்டி தொடங்கியபோது, முதல் வண்டியின் கட்டுப்பாட்டுப் பிடியைப் பற்றியவர் முதியவராகிய தோமஸ் எடிசன்.

ஆனால் கரியை நம்பி வாழ்ந்தது கரியோடு தேய்ந்தது. பென்சில்வேனியாவின் வன்கரி 1917ஆம் ஆண்டளவிலே உச்சத்தை அடைந்தது. ஆண்டுக்கு ஏறத்தாழப் பத்துக் கோடி தொன். பின்னர் வீடுகளுக்கு எண்ணெயும் எரிவாயுவும் வந்தன. 1959 சனவரியிலே சஸ்குவெகன்னா ஆறு ஒரு சுரங்கத்தின் கூரையை உடைத்து உட்புகுந்து, பன்னிருவர் உயிரிழந்தனர். அந்தப் பள்ளத்தாக்கின் ஆழ்சுரங்கத் தொழில் அதனோடு மடிந்தது எனலாம். இதற்கிடையில் அரசாங்கம் பெருந்தெருக்களைப் பொதுச்செலவில் அமைத்தது. லொறிகள் அவற்றில் ஓடின. புகையிரதக் கம்பனியோ தன் பாதையைத் தானே காத்து, அதற்கு வரியும் கட்டவேண்டும். நியூ ஜேர்சி அறவிட்ட வரி குறிப்பாக மிகக் கடுமையானது. காலையும் மாலையும் நகரத்துக்குச் சென்று திரும்பும் உத்தியோகத்தரை ஏற்றும் வண்டிகளோ நாளின் மற்றைய நேரமெல்லாம் வெறிதே நின்றன. அந்தச் சேவையை நிறுத்தவும் சட்டம் எளிதில் இடங்கொடாது. 1959இலே சென் லோரன்ஸ் கப்பல் வழி திறக்கப்பட்டதும் பஃபலோவின் தானிய வர்த்தகம் சரிந்தது.

1955 ஓகஸ்டிலே டயான் என்னும் சூறாவளி வீசிப் பெருவெள்ளம் பெருகி, போக்கனோ மலைப்பகுதியில் லக்கவானாவின் பாதையைப் பல மைல் தூரத்துக்கு அரித்துச் சென்றது. பிரதான வழி வாரக்கணக்காக மூடிக் கிடந்தது. அடுத்த ஆண்டிலேயே இரு கம்பனிகளும் பேசத் தொடங்கின. டிலவெயர் அன்ட் ஹட்சன் என்னும் மூன்றாவது கம்பனியும் முதலிற் பேச்சிற் கலந்து, பின்னர் கணக்கைப் பார்த்து விலகிக்கொண்டது. அதன் விலகலே ஓர் எச்சரிக்கை என எவரும் கொள்ளவில்லை. ஈரியின் பிரயாண வண்டிகள் தம் பழைய நிலையத்தை விட்டு லக்கவானாவின் ஹோபோக்கன் நிலையத்துக்குப் படிப்படியாக வந்தன. பிங்ஹாம்டனுக்கு மேற்கே இரு பாதைகளும் அருகருகே ஓடிய இடத்தில் லக்கவானாப் பாதை கழற்றப்பட்டது. இவையெல்லாம் நல்ல சிக்கனங்களே. இணைந்தால் இன்னும் பன்மடங்கு மிஞ்சும் என்று கணக்கிட்டார்கள்.

மிஞ்சும் பணம் எங்கிருந்து வரும்? இரண்டு பட்டறைகள் இருந்த இடத்தில் ஒன்று. இரண்டு காரியாலயங்களுக்கு ஒன்று. இரண்டு எழுதுவினைஞருக்கு ஒருவர். சிக்கனம் என்று பத்திரத்தில் எழுதப்பட்டது ஒரு குடும்பத்தின் சம்பளம். தலைமைக் காரியாலயம் ஒகையோ மாநிலத்தின் கிளீவ்லாந்து நகரத்திலே அமைந்தது. லக்கவானாவிற் பல ஆண்டு வேலைசெய்தோர் வீட்டை விற்று அங்கு செல்லவோ, வேலையை விடவோ வேண்டியவராயினர். இணைப்புச் செய்யும் கம்பனியின் ஊழியருடைய நிலை நான்கு ஆண்டுகளுக்குத் தாழக்கூடாது என்று சட்டத்திலே ஒரு வாசகம் இருந்தது. பாதை பராமரிக்கும் தொழிலாளரின் சங்கம் அதைப் பற்றிக்கொண்டு, நான்கு ஆண்டுகளுக்கு எவரையும் வேலையிலிருந்து நீக்கலாகாது என்று வாதாடியது. வழக்கு நாட்டின் உயர் நீதிமன்றம் வரை சென்றது. 1961ஆம் ஆண்டு நீதிமன்றம் அளித்த தீர்ப்பின்படி, சட்டம் பாதுகாப்பது வேலையை அன்று, வருமானத்தையே. நட்டஈடு கொடுத்தால் ஆளை நிறுத்தலாம். அதன்பின் நிகழ்ந்த பெரிய இணைப்புக்கள் பலவற்றின் பேரம்பேசலிலும் இந்தத் தீர்ப்பின் நிழல் விழுந்தது. தீர்ப்புச் சட்டத்தின் சொல்லுக்குப் பொருந்தியதுதான். ஆயினும் ஐம்பது வயதில் வேறு தொழில் தெரியாத தண்டவாளத் தொழிலாளிக்கு நான்கு ஆண்டுப் பணம் எம்மட்டு என்பதை அது தொடவில்லை.

இணைந்த கம்பனி முதல் ஆண்டுகளிலே பெரும் நட்டப்பட்டது. ஈரிக்காரர் ஒரு பக்கமும் லக்கவானாக்காரர் ஒரு பக்கமுமாக நின்றனர். யாருடைய வழக்கம் மேல் என்பதே நாள்தோறும் தர்க்கமாயிற்று. 1963இலே வில்லியம் வைற் தலைவராக வந்தார். முன்பு லக்கவானாவுக்கும் நியூ யோர்க் சென்ரலுக்கும் தலைவராயிருந்து அனுபவம் முதிர்ந்தவர். கடன்காரரிடம் தவணை பெற்றார். பழுதான எஞ்சின்களை மாற்றினார். மறைந்திருந்த பீபி சுனோ என்ற பெயரை மீண்டும் ஒரு வண்டிக்குச் சூட்டி, ஊழியரின் உள்ளத்தையும் சற்று உயர்த்தினார். 1960களின் நடுவிலே சிறிது இலாபமும் தோன்றிற்று. 1967இலே அவர் திடீரென இறந்தார். அவர் வாழ்ந்திருந்தாலும் பின்னர் வந்ததைத் தடுத்திருப்பார் என்று சொல்ல இடமில்லை.

ஏனெனில் அப்பொழுது பெரியோர் இணையத் தொடங்கிவிட்டார்கள். 1968 பெப்ரவரியிலே பென்சில்வேனியாவும் நியூ யோர்க் சென்ரலும் சேர்ந்து பென் சென்ரல் ஆயின. அந்தப் பூதத்தின் காலடியில் ஈரி லக்கவானா நசுங்காதிருக்கவேண்டுமென்று, வளம் மிக்க நோர்போக் அன்ட் வெஸ்டேர்ன் கம்பனி அதனை ஏற்கும்படி அரசாங்கத்தின் வர்த்தக ஆணைக்குழு நிபந்தனை விதித்தது. அக்கம்பனியார் மறுக்கவில்லை, தழுவவுமில்லை. டெரிக்கோ என்று இடையிலே ஒரு கம்பனியைப் படைத்து, அதன் கையிலே பிள்ளையை ஒப்படைத்தார்கள். பிள்ளையின் கடன் தங்களைத் தொடாதபடி செய்த ஏற்பாடு அது. 1970 சனவரியிலே சிக்காகோவுக்குச் சென்ற கடைசிப் பிரயாண வண்டி நின்றது. சரக்கு வண்டிகள் மட்டும் சுறுசுறுப்பாக ஓடின. பொதி அனுப்பும் பெருங்கம்பனியொன்றின் சுமைகளை அவை சிக்காகோவுக்கு நேரந் தவறாது சேர்த்து, பென் சென்ரலைவிட நற்பெயர் பெற்றன.

1972 ஜூன் மாதத்திலே அக்னெஸ் சூறாவளி வந்தது. பதினேழு ஆண்டுகளுக்கு முன் லக்கவானாவை அழித்ததுபோல, இம்முறை வெள்ளம் ஈரியின் பழைய பாதையை நியூ யோர்க் மாநிலத்தின் ஆற்றுப் பள்ளத்தாக்குகளிலே பெயர்த்து எறிந்தது. ஜூன் 26ஆந் திகதி கம்பனி நீதிமன்றத்தின் பாதுகாப்பை நாடியது. நோர்போக் அன்ட் வெஸ்டேர்ன் கம்பனியார் இடைக் கம்பனியின் நிழலிலே பத்திரமாக நின்று பார்த்திருந்தனர். எனினும் நீதிமன்றம் நியமித்த பொறுப்பாளர் மனந்தளரவில்லை. மற்றைய வங்குரோத்துக் கம்பனிகளோடு அரசாங்கத் திட்டத்திற் சேராமல் தனித்தே மீளலாம் என்று முதலில் நம்பினார்கள். 1974 மே மாதத்திலே ஹட்சன் ஆற்றின் குறுக்கேயுள்ள பொக்கீப்சிப் பாலம் தீப்பற்றியது. பாலம் பென் சென்ரலுக்கு உரியது. அது திருத்தப்படவே இல்லை. புதிய இங்கிலாந்து மாநிலங்களுக்குச் சென்ற ஈரி லக்கவானாவின் சரக்கு வழி அடைபட்டது. எண்ணெய் விலையும் ஏறியது. 1975இன் தொடக்கத்திலே அவர்களும் கைவிட்டு, அரசாங்கம் அமைக்கவிருந்த கொன்றெயில் என்னும் கூட்டுக் கம்பனியிற் சேர இணங்கினர். செசி என்னும் வேறொரு கம்பனி பாதையின் பெரும்பகுதியை வாங்க முன்வந்ததும் உண்டு. ஊழியரின் சம்பளம், வேலை விதிகள் பற்றிச் சங்கங்களோடு உடன்பாடு காணமுடியாமையால் அது கைநழுவியது. 1960இன் இணைப்பிலே ஏமாந்தோம் என்று நினைத்தவர்கள் இன்னொரு வாக்குறுதியை எளிதில் நம்பாததில் வியப்பில்லை.

1976 ஏப்ரல் முதலாந் திகதி ஈரி லக்கவானாவின் வண்டிகள் கொன்றெயிலின் வண்டிகளாயின. கொன்றெயிலின் நிர்வாகிகளிற் பலர் பென் சென்ரலிலிருந்து வந்தோர். தாம் அறிந்த பாதைகளிலேயே சரக்கைத் திருப்பினார்கள். ஒகையோவிலும் இந்தியானாவிலும் சிக்காகோ வரை சென்ற ஈரிப் பாதையின் பெரும்பகுதி சில ஆண்டுகளிலே கைவிடப்பட்டது. சோளக்காட்டின் நடுவே ஒரு மேடு மட்டும் எஞ்சிற்று. ட்ரூஸ்டேல் பெருஞ்செலவில் நேராக்கிய நியூ ஜேர்சிப் பாதையின் தண்டவாளங்களை 1984இலே கழற்றி எடுத்தார்கள். கம்பனியின் சொத்தை அரசாங்கம் எடுத்துக்கொண்டதற்குரிய விலைபற்றிய வழக்கு வேறாக நடந்தது. பாதை ஓடாத வெறுங்கம்பனி கடன்காரருக்குப் பெருந்தொகை கொடுத்துத் தீர்த்தது. ஓடிய காலத்திற் செய்யமுடியாததை ஓடாத காலத்திற் செய்தது. 1999இலே கொன்றெயிலும் இரண்டாகப் பிரிக்கப்பட்டு, ஈரியின் மலைநாட்டுப் பாதை நோர்போக் சதேர்ன் கம்பனியிடம் சென்றது. நோர்போக் அன்ட் வெஸ்டேர்னின் வழித்தோன்றலே அக்கம்பனி. 1968இலே கைநீட்டி ஏற்கத் தயங்கியவர்கள் முப்பத்தோராண்டின் பின் அதே பாதைக்கு விலை கொடுத்தார்கள்.

ஸ்கிரான்டனிலே லக்கவானாவின் பழைய எஞ்சின் பட்டறையைச் சூழ்ந்து 1995இலே நீராவி எஞ்சின்களின் தேசிய நூதனசாலை திறக்கப்பட்டது. ஈரியின் பட்டறை நகரமாகிய ஹோர்னெல்லிலே, கொன்றெயில் பட்டறையை மூடிய பின் வேறு கம்பனிகள் வந்து புகையிரதப் பெட்டிகள் செய்யும் தொழிலை நடத்தின. ஸ்டாறக்காவின் பதினேழு வளைவுகளும் நிக்கல்சனின் நெடும்பாலமும் இன்றும் சரக்கு வண்டிகளைத் தாங்கி நிற்கின்றன. ஹோபோக்கன் நிலையத்திலே மாநில அரசாங்கத்தின் புறநகர் வண்டிகள் வந்து சேருகின்றன. பலங்குன்றி இறக்கப்பட்ட அதன் மணிக்கூட்டுக் கோபுரத்தை 2007ஆம் ஆண்டளவிலே மீண்டும் எழுப்பியவர்கள் லக்கவானா என்னும் பெயரை அதிலே பெரிய எழுத்துக்களாற் பொறித்தார்கள். மாலையில் விளக்கேற்றியதும் ஹட்சன் ஆற்றின் அக்கரையிலிருந்தே அதனை வாசிக்கலாம்.